இரவற் சப்பாத்து

புதுச் செருப்புக் கடிக்கும் என்பர். ஓடுகிறவனுக்கோ இரவற் சப்பாத்து அதனினும் கொடியது. கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பாடசாலைகளில் இல்ல மெய்வல்லுநர் போட்டி முடிந்தபின் மாணவர் பேசிச் சிரிப்பதைக் கேளுங்கள்: பாதி ஓட்டத்தில் கழன்ற சப்பாத்து, அவிழ்ந்த நாடா, குதிக்காற் கொப்புளம்!

உலக வீரரும் இதற்கு விலக்கல்லர். 2015இல் பேர்ளின் மரதனில், கென்ய வீரர் எலியுட் கிப்சோகேயின் சப்பாத்தினுள் இருந்த மெத்தைகள் வெளியே பிதுங்கின; பாதம் புண்ணாகியும் அவரே வென்றார். 1960இல் உரோமாபுரி ஒலிம்பிக்கில் எதியோப்பியரான அபேபே பிக்கிலா, புதுச் சப்பாத்துப் பொருந்தாமையால், தாம் பழகியவாறே வெறுங்காலுடன் மரதன் ஓடித் தங்கம் பெற்றார்.

ஆகவே மாணவர்களே, சப்பாத்தில்லையென்று வெட்கி ஒதுங்காதீர்கள். போட்டியன்று இரவல் வாங்கி அணியவும் வேண்டாம். பெற்றோரே, வாங்கிக் கொடுப்பதாயின் சில வாரங்கள் முன்னரே கொடுங்கள். கால் பழகியதே களத்தில் உதவும்.