உண்மையே இல்லை என்பவர் யதார்த்தவாதியா?

பழனிசெட்டிபட்டியில் சென்ற வாரம் கூட்டம் முடிந்தபின் தோழர்கள் சிலரோடு நாம் ஆற்றங்கரைப் பக்கமாய்ப் பேசிக்கொண்டிருந்தபோது, காலேஜில் படிக்கும் வாலிபத் தோழர் ஒருவர் நம்மை ஒரு கேள்வி கேட்டார். "ஐயா, நீங்கள் கடவுள் பொய், மோட்சம் பொய், சாஸ்திரம் பொய் என்று சொல்லி அதோடு நின்றுவிடுகிறீர்கள். ஜெர்மனி தேசத்து நீட்சே என்னும் தத்துவ ஞானியோ உண்மை என்பதே மனிதன் கட்டிய கதை, ஒழுக்கம் என்பதே ஒரு தந்திரம் என்று சொல்லிவிட்டார். அப்படியானால் அவரல்லவா முழு யதார்த்தவாதி? நீங்கள் பாதி யதார்த்தவாதிகள்தானே?" என்பதே அக்கேள்வி.

கூட இருந்தவர்களில் சிலர் சிரித்தார்கள். நாம் சிரிக்கவில்லை. கேள்வி கேட்டவனைப் பார்த்துச் சிரிப்பது மடத்துத் தம்பிரான்களின் வழக்கமேயொழிய நமது வழக்கமல்ல. நாம் காலேஜ் வாசற்படி மிதித்தவர்களல்ல. கிடைத்த புத்தகத்தைக் கிடைத்த நேரத்தில் படித்து, தெரிந்ததைத் தெரிந்தவரையில் சொல்லுகின்றவர்கள். அன்று இரவு நாம் சொன்ன பதில் நமக்கே அரைகுறையாகப் பட்டபடியால், அதை இங்கு விவரமாய் எழுதுகின்றோம். ஏனெனில் இந்தக் கேள்வி அந்தத் தோழர் ஒருவருடைய கேள்வியல்ல. "எல்லாம் அவரவர் பார்வைதான், எதுவும் நிச்சயமில்லை" என்று சொல்லிவிட்டால் அதுவே பெரிய அறிவு என்று நினைக்கின்ற ஒரு கூட்டம் நாட்டில் வளர்ந்துகொண்டு வருகின்றது.

முதலாவது, யதார்த்தவாதி என்றால் யார்? உள்ளதை உள்ளபடி பார்ப்பவன். தனக்குப் பிடித்தபடி பார்ப்பவனல்ல. அப்படியானால் உள்ளது என்று ஒன்று இருக்கவேண்டும். நாம் பார்த்தது தப்பானால் அது நம்மைத் திருத்தவும் வேண்டும். இந்த இரண்டும் இல்லாவிட்டால் யதார்த்தம் என்ற வார்த்தைக்கு அர்த்தமேயில்லை.

அன்று நமது காலடியில் ஓடிக்கொண்டிருந்த முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரையே எடுத்துக்கொள்ளுவோம். மேற்கே அரபிக் கடலுக்குப் போய் வீணாகிக்கொண்டிருந்த தண்ணீரை அணை கட்டித் தேக்கி, மலையைக் குடைந்து 1895ல் கிழக்கே திருப்பினார்கள். இன்று லோயர் கேம்ப் முதல் பழனிசெட்டிபட்டி வரையில் 14,707 ஏக்கரில் இருபோகம் விளைகின்றதென்றால் அந்தத் தண்ணீரால் விளைகின்றது. பென்னிகுயிக் துரையும் அவருடைய ஆட்களும் மட்டம் பார்த்துச் சுரங்கம் குடைந்தார்கள். "மட்டம் என்பது அவரவர் பார்வை" என்று அவர்கள் சொல்லியிருந்தால் ஒரு சொட்டுத் தண்ணீராவது கூடலூர்ப் பக்கம் எட்டிப் பார்த்திருக்குமா? மழைக்காக அண்டாத் தண்ணீரில் கழுத்தளவு உட்கார்ந்து வருண ஜபம் செய்கிறார்களே, அந்தப் புரோகிதரைக் கேட்டுப் பாருங்கள். "உண்மை என்று ஒன்றுமில்லை" என்ற வார்த்தையைக் கேட்டு அவர் கோபப்படவே மாட்டார், சந்தோஷப்படுவார். ஏனெனில் அப்பொழுது அவருடைய ஜபமும் இஞ்சினீயருடைய மட்டப்பலகையும் ஒரே தரமாகிவிடுகின்றன. உண்மையை மறுத்தால் முதல் லாபம் புரோகிதனுக்கு என்பதை வாலிபத் தோழர்கள் கவனிக்கவேண்டும்.

நிற்க. சந்தேகம் என்பது ஜெர்மனியிலிருந்து கப்பல் ஏறி வந்த சரக்கு என்று யாரும் எண்ணவேண்டாம். நம் நாட்டிலேயே சந்தேகிகள் பலர் இருந்திருக்கிறார்கள். அவர்களில் இருவரை மாத்திரம் இங்கு எடுத்துக்கொள்ளுகின்றோம்.

ஒருவர் மணிமேகலைக் காவியத்தில் வருகின்ற பூதவாதி. தாதகிப் பூவும் வெல்லக்கட்டியும் மற்றவையும் சேர்ந்தால் வெறி உண்டாவதுபோல, பூதங்கள் கூடுவதால் உணர்வு உண்டாகின்றது. பிரிந்தால் அது போய்விடுகின்றது. கண்ணால் காண்பதே பிரமாணம், அனுமானம் வேண்டாம் என்பது அவருடைய வாதம். மறுபிறப்பையும் மேலுலகத்தையும் வைத்துப் பிழைத்தவர்களின் தலையில் போட்ட கல் அது. ஆனால் மணிமேகலை அவரை ஒரே கேள்வியில் மடக்கிவிடுகிறாள்: உன் தாய் தந்தையரை அனுமானத்தால் அல்லாமல் வேறு எப்படி நீ அறிந்தாய் என்கிறாள். கேட்டவள் பௌத்தத் துறவி. நாமோ துறவுக்கு விரோதிகள். ஆனாலும் கேள்வி நியாயமானது என்பதை ஒப்புக்கொள்ளுகின்றோம். பூதவாதி "உள்ளது" என்ற ஒன்றை நம்பியவர். ஆகவே அவரைத் திருத்த முடியும். அனுமானத்தைச் சேர்த்துக்கொண்டால் அவருடைய கட்சி பலப்படுமேயொழிய அழியாது. இப்படித் திருத்தத்துக்கு இடம் கொடுப்பவரை யதார்த்தவாதி என்று சொல்லலாம்.

மற்றொருவர் ஜயராசி பட்டர் என்பவர். ஏறக்குறைய 8, 9வது நூற்றாண்டில் தத்துவோபப்லவ சிம்மம் என்று ஒரு புத்தகம் எழுதினார். அதன் ஓலைச்சுவடி குஜராத்திலுள்ள பாடனில் 1926ல் கண்டெடுக்கப்பட்டு, 1940ல் பரோடாவில் அச்சாயிற்று. காட்சிப் பிரமாணமும் நிற்காது, அனுமானமும் நிற்காது, வேத வாக்கும் நிற்காது என்று ஒவ்வொன்றாய் அடித்து நொறுக்கியிருக்கிறார். வேதத்தை நொறுக்கியது வரையில் நமக்குச் சந்தோஷமே. ஆனால் கடைசியில் என்ன சொன்னார்? தத்துவங்கள் எல்லாம் அழிந்துபோனபின் உலக வழக்கை ஆராயாமலே அனுபவித்துக்கொண்டு போகலாம் என்று முடித்துவிட்டார். அந்தக் காலத்து உலக வழக்கு என்ன? பார்ப்பான் முன்னே, பறையன் ஊருக்கு வெளியே என்பதுதானே! வேதம் போயிற்று, வேதத்தால் வந்த சேரி அப்படியே இருந்தது. கிரேக்க தேசத்து செக்ஸ்டஸ் எம்பிரிகஸ் என்ற சந்தேகியும் எல்லாவற்றையும் சந்தேகித்துவிட்டு, தேசாசாரப்படி நடந்துகொள்ளவேண்டியதுதான் என்றே முடித்தார். எல்லாவற்றையும் ஒன்றுபோலச் சந்தேகிக்கின்றவனால் எதையும் மாற்றமுடியாது. கடப்பாரையை ஊன்றுவதற்கு ஒரு கெட்டி நிலமாவது வேண்டாமா?

இனி நீட்சேயைப் பார்ப்போம். அவரிடத்தில் உள்ள நல்லதை நாம் மறைக்கப்போவதில்லை. நல்லது கெட்டது என்ற வார்த்தைகள் ஆகாயத்திலிருந்து விழவில்லை. ஆளுகின்றவர்கள் ஒருவிதமாகவும் ஆளப்படுகின்றவர்கள் ஒருவிதமாகவும் அவைகளை உண்டாக்கினார்கள் என்று 1887ல் எழுதினார். பாதிரிமார்களின் தந்திரத்தைப் பச்சையாய் வெளியிட்டார். உள்ளதைக் கூசாமல் பார்த்தவர் என்று கிரேக்கச் சரித்திரக்காரர் துசிடிடீஸைப் போற்றினார். இந்த அளவில் அவரை யதார்த்தவாதி என்று சொல்ல நமக்குத் தடையில்லை.

ஆனால் அதே நீட்சே 1888ல் எங்கே போய்ச் சேர்ந்தார் தெரியுமா? மனுவின் காலடியில்! பைபிளைவிட மனுதர்மம் எவ்வளவோ உயர்ந்தது, ஜாதி வரிசை என்பது இயற்கையின் வரிசையே என்று எழுதினார். மனு முதலியவர்கள் பொய் சொல்லும் உரிமை தங்களுக்கு உண்டா என்று ஒரு நாளும் சந்தேகித்ததில்லை என்று எழுதியவரும் அவரே. தெரிந்தும் ஏன் புகழ்ந்தார்? பொய்யா மெய்யா என்பது கடைசிக் கேள்வியல்ல, எந்தக் காரியத்துக்காகப் பொய் சொல்லப்பட்டது என்பதே கேள்வி என்று வைத்துக்கொண்டார். தோழர்களே, இந்த இடம்தான் முக்கியம். உண்மை என்ற அளவுகோலை ஒடித்துப் போட்டபின் மிஞ்சுவது, "யாருடைய பொய் மிடுக்கானது?" என்ற ஒரே கேள்விதான். மிடுக்கான பொய்யில் மனுவை ஜெயிக்கக்கூடியவன் யார்?

இன்னொரு வேடிக்கையும் உண்டு. அவர் படித்தது மனுவே அல்ல என்று சொல்லத்தக்க ஒரு புத்தகம். பிரெஞ்சு இந்தியாவில் நீதிபதி உத்தியோகம் பார்த்த லூயி ஜக்கோலியோ என்பவர் 1876ல் வெளியிட்ட பிரெஞ்சு மொழிபெயர்ப்பு அது. சண்டாளர்கள் வெங்காயமும் பூண்டுமே தின்னவேண்டும், ஆற்றுத் தண்ணீரும் ஊற்றுத் தண்ணீரும் குளத்துத் தண்ணீரும் எடுக்கக்கூடாது, சதுப்பு ஓரத்திலும் மிருகங்களின் காலடிக் குழியிலும் தேங்கியதையே எடுக்கவேண்டும் என்பன போன்ற விதிகளை அதிலிருந்து எடுத்து நீட்சே தம் புத்தகத்தில் போட்டார். சமஸ்கிருத மனுவில் இந்த விதிகள் இப்படி இல்லை. மனு இதைவிட யோக்கியன் என்று நாம் சொல்லவில்லை. ஊருக்கு வெளியே குடியிருக்கவேண்டும், உடைந்த சட்டியில் தின்னவேண்டும், பிணத்தின் துணியை உடுத்தவேண்டும் என்று பத்தாம் அத்தியாயத்தில் எழுதிவைத்த மகா பாவி அவன். நமது கேள்வி வேறு. பியூலர் என்ற பண்டிதரின் மனு மொழிபெயர்ப்பு 1886லேயே இங்கிலாந்தில் அச்சாகியிருந்தது. ஒத்துப் பார்க்க நீட்சேக்கு ஏன் தோன்றவில்லை? உண்மையைச் சந்தேகிக்கிறேன் என்றவர், கையிலிருந்த புத்தகத்தைச் சந்தேகிக்கவில்லை! நமது ஊர் மளிகைக் கடைக்காரர்கூட மூட்டையைக் கோணூசியால் குத்திப் பார்த்துத்தானே வாங்குகிறார்?

இப்பொழுது தண்ணீருக்கே திரும்பி வருவோம். பம்பாய் மாகாணத்து மகாட் என்ற ஊரில் சவதார் குளம் இருந்தது. மாடு குடிக்கலாம், நாய் குடிக்கலாம், தீண்டப்படாதவர் என்று தள்ளிவைக்கப்பட்ட மனிதர் மாத்திரம் குடிக்கக்கூடாது. 1927 மார்ச் 20ந் தேதி தோழர் அம்பேத்கரும் ஆயிரக்கணக்கானவர்களும் போய் அதில் தண்ணீர் குடித்தார்கள். குடித்தவர்கள் அடிபட்டார்கள். வைதிகர்கள் சாணமும் மூத்திரமும் கலந்த பஞ்சகவ்யத்தை ஊற்றிக் குளத்தைச் "சுத்தி" செய்தார்கள். அதே வருஷம் டிசம்பர் 25ந் தேதி அந்த ஊரிலேயே மனுதர்மம் கொளுத்தப்பட்டது. வழக்கு நடந்தது, 1937ல் பம்பாய் ஹைக்கோர்ட்டு, அநாதியான வழக்கம் என்று வைதிகர் சொன்னது மெய்ப்பிக்கப்படவில்லை என்று தீர்ப்புச் சொல்லிற்று.

மனுவைப் புகழ்ந்த ஜெர்மனி ஞானி யதார்த்தவாதியா? மனுவைக் கொளுத்திய மகாட் ஜனங்கள் யதார்த்தவாதிகளா? அந்த ஜனங்கள் சொன்னதென்ன? தண்ணீர் தண்ணீர்தான், தீட்டு என்பது பொய் என்றார்கள். அது உண்மையைப் பற்றிய பேச்சு. உண்மை அவரவர் பார்வை என்றால், பஞ்சகவ்யம் ஊற்றியவன் பார்வையும் ஒரு பார்வை என்று விட்டுவிடவேண்டியதுதானே! ஒடுக்கப்பட்டவன் கையில் பணமில்லை, பட்டாளமில்லை; "நீ சொல்லுவது பொய்" என்று நிரூபிக்கும் ஆயுதம் ஒன்றுதான் உண்டு. அதையும் பிடுங்கிக்கொள்ளுவதற்கு யதார்த்தவாதம் என்று பெயர் வைப்பது எவ்வளவு பெரிய அக்கிரமம்!

இனி ஒழுக்கத்தைப் பற்றி. "ஒழுக்கமும் கற்பும் கட்டுப்பாடுகளும் வலுத்தவன் உண்டாக்கியவை என்று உங்கள் இயக்கமே சொல்லவில்லையா?" என்று அந்தத் தோழர் மேலும் கேட்கலாம். ஆம், சொல்லிற்று. கற்பு என்பது பெண்ணுக்கு மாத்திரம் மாட்டப்பட்ட பூட்டு என்று குடி அரசில் எழுதப்பட்டது உண்மையே. ஆனால் அதனுடைய காரணத்தைக் கவனியுங்கள். ஒழுக்கம் என்பதே இல்லை என்பதல்ல காரணம். ஆணுக்கு ஒரு படி, பெண்ணுக்கு ஒரு படி என்று அளந்த மோசடி வெளிப்பட்டதே காரணம். கள்ளப்படியைப் பிடித்துக்கொடுக்கிறவன் அளவையே வேண்டாமென்று சொல்லுகிறவனா?

நமது பக்கத்திலேயே அத்தாட்சி இருக்கின்றது. பிறமலைக் கள்ளர் வகுப்பையே, பிறந்த குழந்தை முதற்கொண்டு, குற்றப் பரம்பரை என்று சட்டம் எழுதி வைத்திருந்தார்கள். ஒழுக்கத்தைக் காப்பாற்றுவதாகவே அந்தச் சட்டமும் சொல்லிக்கொண்டது. ஆண்டிபட்டிக் கணவாய்க்கு அப்பால், பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3ந் தேதி கைரேகை வைக்க மறுத்த ஜனங்கள் மீது போலீசார் சுட்டதில் 16 பேர் மாண்டார்கள். 1947ல்தான் சென்னை மாகாணத்தில் அச்சட்டம் ரத்தாயிற்று. பிறப்பினாலே ஒருவன் திருடன் என்பதும், பிறப்பினாலே ஒருவன் பூதேவன் என்பதும் ஒரே பொய்யின் இரண்டு பக்கங்கள். அந்தச் சட்டம் அக்கிரமம் என்று நாம் சொல்லுகின்றோம். ஒழுக்கம் என்பதே கிடையாது என்றால் எந்த வாயால் அக்கிரமம் என்று சொல்லுவது? "வலுத்தவன் சுட்டான், இளைத்தவன் செத்தான்" என்று கணக்கு எழுதிவிட்டு வீட்டுக்குப் போகவேண்டியதுதானே!

ஒழுக்கத்துக்குக் கடவுள் தேவையில்லை, சாஸ்திரம் தேவையில்லை. அடித்தால் எனக்கு வலிக்கின்றது, உனக்கும் வலிக்கின்றது; பட்டினி கிடந்தால் என் வயிறு எரிகின்றது, உன் வயிறும் எரிகின்றது. இது மந்திரமல்ல, அனுபவம். இந்த அனுபவத்தின்மேல் எல்லோருக்கும் ஒரே படியால் அளப்பதுதான் ஒழுக்கம்.

ஆகவே நமது முடிவு இதுதான். எது உண்மையென்று சொல்லப்பட்டாலும் சந்தேகி; யார் சொன்னார், அதனால் யாருக்கு லாபம், அத்தாட்சி என்ன என்று கேள். எது ஒழுக்கமென்று சொல்லப்பட்டாலும் சொன்னவனுக்கும் அதே விதி உண்டா என்று கேள். இந்த மட்டில் சந்தேகிப்பவன் யதார்த்தவாதி. நீட்சேயும் இந்த மட்டில் நமக்கு உபகாரி. அதற்குமேல் போய் உண்மையே இல்லை, ஒழுக்கமே இல்லை என்பவன், தலைவலிக்கு மருந்து கேட்டால் தலையை வெட்டிக் கொடுக்கின்ற வைத்தியன்.

வாலிபத் தோழருக்கு நாம் சொல்லுவது ஒன்றுதான். புரோகிதனிடம் கேட்ட கேள்விகளையே தத்துவ ஞானியிடமும் கேளுங்கள், நம்மிடமும் கேளுங்கள். நாம் சொன்னதில் தப்பிருந்தால் அத்தாட்சியோடு எழுதுங்கள், திருத்திக்கொள்ளுகின்றோம். திருத்திக்கொள்ள முடியும் என்பதே உண்மை என்று ஒன்று இருப்பதற்கு அத்தாட்சி.