சித்தர் பாட்டில் ஓர் இடைச்செருகல்

ஆசிரியர் எழுதாத ஒன்றைப் பிற்காலத்தார் நூலுக்குள் நுழைத்துவிடுவதை இடைச்செருகல் என்கிறோம். ஏட்டில் நேர்ந்த இடைச்செருகலால் ஒரு பாட்டுக் கெடும். பதிப்பாசிரியர் அடிக்குறிப்பிட்டுச் சரிசெய்துவிடுவார். இராயபுரம் முதல் எண்ணூர் வரை இன்று நடக்கும் இடைச்செருகலால் மனிதர்களின் கண் போகிறது. சர்க்கரையால் மங்கிய பார்வைக்கு அகத்தியர் அருளிய மூலிகைச் சொட்டு, லேசர் வேண்டாம், ஊசி வேண்டாம் என்னும் பொருள்பட அச்சடித்த துண்டறிக்கைகள் சந்தையிலும் பேருந்து நிறுத்தத்திலும் கைக்குக் கிடைக்கின்றன. உச்சியில் தவறாமல் ஒரு சித்தர் பாட்டு.

மருத்துவம் பேசத் தமிழாசிரியனுக்கு என்ன தகுதி என்று நண்பர்கள் கேட்கலாம். மருந்து விற்பவர் பாட்டைச் சாட்சிக்கு அழைக்கும்போது, பாட்டு என்ன சொல்கிறது என்று எடுத்துரைக்கும் கடமை அதைப் படித்தவனுக்கு வந்துவிடுகிறது.

சித்த மருத்துவ மரபு கண்நோய்களை 96 என எண்ணுகிறது. மேகநோய்களை வகைப்படுத்தி மதுமேகத்தைத் தனியே சுட்டுகிறது. வெறுங்கண்ணையும் நாடியையும் நோயாளியின் வாய்மொழியையும் கொண்டே இவ்வளவு நுணுக்கமாகப் பிரித்தார்கள் என்பதில் எனக்குப் பெருமையே. ஆனால் உயிருள்ள மனிதரின் விழித்திரையை மருத்துவர் காண வழி பிறந்தது, 1851இல் ஹெல்ம்ஹோல்ட்ஸ் என்னும் ஜெர்மானியர் விழியகநோக்கியை வெளியிட்ட பின்புதான். நீரிழிவால் விழித்திரையில் நேரும் மாற்றங்கள் அதன் பிறகே விவரிக்கப்பட்டன. அகத்தியர் பெயரில் வழங்கும் மருத்துவ நூல்கள் பலவற்றின் மொழிநடையே அவை பிற்காலத்தவை என்று காட்டும். அப்பிற்காலமும் 1851க்கு முந்தியது. கண்புரையாலும் பார்வை மங்கும், கண் அழுத்தத்தாலும் மங்கும். பாட்டில் வரும் மங்கலையெல்லாம் நீரிழிவு விழித்திரை நோய் என்று உரை சொல்பவர் சித்தரைப் போற்றவில்லை. அவர் வாயில் தம் சரக்கைத் திணிக்கிறார்.

நோயின் போக்கைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இரத்தத்தில் மிகும் சர்க்கரை, விழித்திரையின் நுண்குழாய்ச் சுவர்களைச் சிதைக்கிறது. சில குழாய்கள் கசிகின்றன, சில அடைபடுகின்றன. உயிர்வளி குறைந்த விழித்திரையில் புதுக் குழாய்கள் முளைக்கின்றன. அவை வலுவற்றவை, உடைந்து கண்ணுக்குள் குருதி பரவும், பின்னர் உண்டாகும் தழும்புத்திசு விழித்திரையை இழுத்துப் பெயர்க்கும். இவ்வளவும் வலியின்றி நடக்கும். வெகுகாலம் பார்வையும் தெளிவாகவே இருக்கும்.

‘பலன் கண்டவர்கள் இருக்கிறார்களே’ என்பார்கள். இருக்கலாம். சர்க்கரை அளவு ஏறி இறங்கும்போது கண்வில்லையின் நீர்ப்பதம் மாறிப் பார்வை மங்குவதும் தெளிவதும் இயல்பு. கண்ணுக்குள் கசிந்த குருதி சில வாரங்களிலோ மாதங்களிலோ தானே வடிந்துவிடுவதும் உண்டு. அந்நாட்களில் சொட்டு விட்டுக்கொண்டிருந்தவர் சொட்டையே கும்பிடுவார். புதுக் குழாய்களோ உள்ளே இருந்தபடி இருக்கும். என் மாணவர் ஒருவரின் தந்தை துறைமுகத்தில் சுமை ஏற்றி இறக்குபவர். முதற்கசிவு இப்படித் தெளிந்ததை நம்பி ஓராண்டு மருத்துவமனைப் பக்கமே போகவில்லை. இரண்டாம் கசிவோடு வலக்கண் போயிற்று. சொட்டில் நஞ்சு எதுவும் இருந்திருக்க வேண்டியதில்லை. அந்த ஓராண்டைத் தின்றதே போதும்.

சீனாவைப் பாருங்கள், தம் மூலிகையை எப்படிப் போற்றுகிறார்கள் என்று சொல்வோரும் உண்டு. முழுதாகவே பார்ப்போம். தூ யூயூ மலேரியாவுக்கு மருந்து தேடிப் பழஞ்சுவடியைப் படித்தார். படித்ததோடு துண்டறிக்கை அடிக்கவில்லை. சாறு பிரிக்கும் முறையை மாற்றினார், விலங்குகளில் சோதித்தார், தாமே உட்கொண்டு பார்த்தார், அதன் பிறகே நோயாளிகளுக்குக் கொடுத்தார். 2015இல் அவருக்கு வந்த நோபல் பரிசு அந்த உழைப்புக்கு வந்தது. நீரிழிவுக் கண்ணுக்கும் தான்ஷென் வேர் கலந்த மாத்திரையைப் போலி மாத்திரையோடு ஒப்பிட்டு அங்கே சோதித்திருக்கிறார்கள். ஆயினும் இந்நோய்க்கான ஒற்றை மூலிகைகள் பற்றிய ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிட்ட காக்ரேன் அமைப்பு, முடிவு சொல்லச் சான்று போதாது என்றே 2018இல் எழுதியது. சோதித்தவர்களின் நிலையே இது. சோதனைக்கே போகாத நம் துண்டறிக்கைக்காரர் ‘லேசர் வேண்டாம்’ என்று எந்தத் துணிவில் எழுதுகிறார்?

அவர் வேண்டாம் என்னும் லேசர் சிகிச்சை, முற்றிய நிலையில் கடும் பார்வையிழப்பைப் பாதிக்கும் மேல் குறைக்கிறது என்பது 1976இலேயே அமெரிக்க ஆய்வில் மெய்ப்பிக்கப்பட்டது. முதல் வகை நீரிழிவாளர் சர்க்கரையை இறுக்கமாகக் கட்டுப்படுத்தினால் இந்நோய் புதிதாகத் தோன்றுவது 76 விழுக்காடு குறையும் என்று 1993இல் தெரியவந்தது. சென்னையில் நடந்து 2005லும் 2009லும் வெளியான இரு ஆய்வுகளும், நீரிழிவாளர் நூற்றுவரில் ஏறக்குறைய 18 பேருக்கு இந்நோய் இருப்பதாகக் காட்டின.

ஏழை மனிதர் சொட்டிடம் போவதில் அவர் குற்றம் குறைவு. எழும்பூர் அரசு கண் மருத்துவமனை 1819 முதல் இருக்கிறது. ஸ்டான்லி மருத்துவமனை பக்கத்திலேயே இருக்கிறது. ஆனால் கண்மணியை விரிக்கும் மருந்து விட்டால் அன்றைய வேலை போயிற்று. துணைக்கு வருபவரின் கூலியும் போயிற்று. மக்களைத் தேடி மருத்துவம் 2021இல் சர்க்கரை மாத்திரையை வாசலுக்குக் கொண்டுவந்தது. நீரிழிவாளர் ஒவ்வொருவருக்கும் ஆண்டுக்கொருமுறை விழித்திரைப் படமும் அதே வாசலில் எடுக்கப்பட வேண்டும். நீரிழிவையும் குருட்டுத்தன்மையையும் தீர்ப்பதாக விளம்பரம் செய்வதை 1954ஆம் ஆண்டுச் சட்டமே தடுக்கிறது. அதைச் செயற்படுத்தப் புதிய ஆணை எதுவும் தேவையில்லை.

திருவொற்றியூரில் சபதம் பிழைத்துக் கண்ணிழந்த சுந்தரர், காஞ்சியில் ஒன்றும் ஆரூரில் மற்றொன்றுமாகக் கண் பெற்றதைச் சேக்கிழார் பாடியிருக்கிறார். அது பக்தியின் மொழி. இந்நோயில் முற்றாக அழிந்த பார்வை மீள்வதில்லை. எஞ்சியதையே காக்க முடியும். இந்த வேறுபாட்டைச் சொல்லித்தர வேண்டிய தமிழ்ப் பேராசிரியர்களே சித்தர் விழா மேடைகளில் சொட்டு வணிகரை அருகில் அமர்த்திப் பொன்னாடை போர்த்துகிறார்கள். விழாச் செலவுக்கு நன்கொடை வருகிறது என்பது காரணமானால், அந்த நன்கொடை யாருடைய கண்ணிலிருந்து வருகிறது என்று ஒருமுறை கணக்குப் பார்க்கட்டும்.