அந்த 2 எங்கேருந்து வந்துச்சு?

கொஞ்சம் கோபத்தோடுதான் எழுதுகிறேன்.

நேற்று பக்கத்து வீட்டுப் பையன் நோட்டோடு வந்தான். ஒன்பதாம் வகுப்பு. பெரம்பலூரில் ட்யூஷனும் போகிறான். ப²+10ப+16 என்ற கோவையைக் காரணிப்படுத்தி (ப+4)² என்று எழுதியிருந்தான். (போனில் ஆங்கில எழுத்துக்கு மாற்றி மாற்றி அடிக்க முடியவில்லை. எக்ஸுக்குப் பதில் ‘ப’, அதாவது பக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.) எப்படிடா என்றேன். “முதலும் கடைசியும் வர்க்கமா இருந்தா முழு வர்க்கம் தாத்தா, வீடியோவுல சொன்னாங்க” என்றான். ப-வுக்கு 1 போடச் சொன்னேன். கோவை 27, இவன் விடை 25. பேந்தப் பேந்த விழித்தான். நடு உறுப்பு 8ப ஆக இருந்தால்தானே அது (ப+4)²! இது (ப+2)(ப+8).

பையன் மேல் எனக்குக் கோபமில்லை. “காரணமெல்லாம் வேண்டாம், அடையாளம் பார்த்து விடை போடு, மார்க் வந்தா போதும்” என்று சொல்லிக்கொடுக்கிறவர்கள் மேல்தான். நானும் அப்படி ஒருவனாக இருந்தவன்தான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் முற்றொருமையைக் கரும்பலகையில் எழுதிப்போட்டு, இருபது தடவை எழுதிவரச் சொல்வேன். “அந்த 2 எங்கேருந்து சார் வந்துச்சு?” என்று கேட்ட ஒரு பிள்ளையை அதட்டி உட்கார வைத்தேன். அதற்குப் பிறகு அவள் என் வகுப்பில் எதையுமே கேட்கவில்லை.

அந்த 2 வயலில் இருக்கிறது. சதுரமான வயல், பக்கம் ப மீட்டர். கிழக்கு வரப்பையும் தெற்கு வரப்பையும் 4 மீட்டர் தள்ளிப் போடுகிறோம். கிழக்கே ஒரு பட்டை 4ப, தெற்கே ஒரு பட்டை 4ப, மூலையில் ஒரு துண்டு 16. பட்டை இரண்டு, அதனால் 2. வெங்காயம் போடுகிற வீட்டுப் பிள்ளைக்கு இது புரியாமல் போகுமா?

கழித்தலும் இதேதான். இரண்டு பக்கமும் 3 மீட்டர் குறைக்கிறோம். 3ப, 3ப என்று இரண்டு பட்டையைக் கழிக்கும்போது மூலைத் துண்டை இரண்டு முறை கழித்துவிடுகிறோம். கூடுதலாகப் போன 9-ஐத் திரும்பக் கூட்ட வேண்டும். ப²−6ப+9. கடைசியில் ஏன் கூட்டல் குறி என்று மனப்பாடம் செய்தவனைக் கேட்டுப் பாருங்கள், தெரியும்.

“எட்டாம் வகுப்புக்கு இவ்வளவு எதற்கு, நேரமேது?” என்று கேட்பவர்கள் நம் ஆசிரிய நண்பர்களேதான். சிலபஸ் நெருக்கடி எனக்கும் தெரியும். ஆகப்போவது ஒரு பீரியடு. அதை மிச்சம் பிடித்தால் பத்தாம் வகுப்பில் வர்க்கப் பூர்த்தி முறை வரும்போது பிள்ளைக்கு முழி பிதுங்கும். இருபடிச் சூத்திரமே முழு வர்க்கம் ஆக்குகிற வேலைதானே. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஸ்ரீதரர் அதற்கு அழகான வழி சொன்னார்: முதல் கெழுவின் நான்கு மடங்கால் பெருக்கு, நடுக் கெழுவின் வர்க்கத்தை இருபுறமும் கூட்டு. 3ப²+10ப=8 என்பதை 12-ஆல் பெருக்கி 100 கூட்டினால் (6ப+10)²=196. வழியில் பின்னமே எட்டிப் பார்க்காது. அவருடைய இயற்கணித நூல் நமக்குக் கிடைக்கவில்லை, இந்த முறை பாஸ்கரர் எடுத்துச் சொன்னதால் பிழைத்தது.

நேற்று பழைய காலண்டர் தாளை வெட்டி, சதுரம், இரண்டு பட்டை, மூலைத் துண்டு என்று பையன் கையில் கொடுத்தேன். திண்ணையில் பரப்பி வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நகர்த்திக்கொண்டிருந்தான். பிறகு சொன்னான்: “தாத்தா, 10ப-ன்னா பட்டை ஒவ்வொண்ணும் 5ப. அப்ப 16-க்குப் பதிலா 25 இருந்திருந்தா நான் போட்ட மாதிரி வந்திருக்கும்.”