சும்மா கிடந்த நிலமா?

ஸ்ரீபெரும்புதூரில் இருந்து ஒரகடம் போகும் பஸ்ஸில் இந்த வசனத்தை எப்படியும் ஒருமுறை கேட்டுவிடலாம். "பாக்டரி வர்றதுக்கு முன்னாடி இங்க என்ன சார் இருந்துச்சு? வெறும் பொட்டல்காடு!"

ராமானுஜர் பிறந்த ஊர் ஆயிற்றே என்றால், "ஆமா, கோயில் இருக்கு" என்பார்கள். அடுத்து 1991ல் ராஜீவ் காந்தி கொலை. 1996ல் ஹூண்டாய் வருகை. அவ்வளவுதான் சரித்திரம். ஒரு பிறப்பு, ஒரு இறப்பு, ஒரு கார் கம்பெனி. நடுவில் ஆயிரம் வருஷம் காலி!

பஸ் பேச்சுக்கு இவ்வளவு கோபம் எதற்கு என்று கேட்கலாம். உக்ரைனைப் பாருங்கள். ரஷ்யரும் உக்ரைனியரும் ஒரே மக்கள்தான் என்று புதின் 2021 ஜூலையில் நீளமாக ஒரு கட்டுரை எழுதினார். 2022 பிப்ரவரியில் ராணுவம் உள்ளே புகுந்தது. ஒரு நிலத்துக்குச் சொந்தக் கதை கிடையாது என்று முதலில் சொல்லிவிட்டால், அப்புறம் அதை எடுத்துக்கொள்வது சுலபம்.

பொட்டல்காடு என்பவர்கள் படிக்க வேண்டியவர் யூஜின் இர்ஷிக். பெர்க்லியில் இருந்த அமெரிக்க வரலாற்றுப் பேராசிரியர். 1969ல் பிராமணரல்லாதார் இயக்கம் பற்றியும், 1986ல் முப்பதுகளின் தமிழ் மறுமலர்ச்சி பற்றியும் அவருடைய புத்தகங்கள் வந்தன. திராவிட அரசியலைப் பற்றி எழுதுகிறவர்கள் அந்த முதல் புத்தகத்தைத் தாண்டிப் போவது கஷ்டம். 1994ல் வந்த 'டயலாக் அண்ட் ஹிஸ்டரி' முழுக்க முழுக்க இந்தப் பக்கத்துக் கதை. பழைய செங்கல்பட்டு மாவட்டம்தான் களம். ஸ்ரீபெரும்புதூரும் ஒரகடமும் அதற்குள் இருந்தவைதான்.

1763ல் ஆற்காட்டு நவாப் கம்பெனிக்குக் கொடுத்த ஜாகீர் இது. 1794 முதல் 1798 வரை இங்கே கலெக்டராக இருந்தவர் லயனல் பிளேஸ். நிலம் யாருடையது, விளைச்சலில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று அவர் ஊர் ஊராக விசாரித்தார். மிராசுதாரர்கள் பதில் சொன்னார்கள், மறுத்தார்கள், முரண்டு பிடித்தார்கள். இர்ஷிக்கின் வாதம் இதுதான்: தொண்டைமண்டலத்தின் 'பழங்காலம்' என்று பிறகு எல்லோரும் நம்பியதை வெள்ளைக்காரன் தனியாக உட்கார்ந்து எழுதவில்லை, இரண்டு தரப்பும் பேசிப் பேசி உருவாக்கியது. அதற்கு அவர் வைத்த பெயர் உரையாடல்.

நல்ல வாதம். ஆனால் அந்த வார்த்தை ரொம்ப இனிப்பு. கலெக்டரும் மிராசுதாரரும் பேசிக்கொண்டிருந்தபோது சேற்றில் நின்ற பறையரின் குரல் அந்த ஏட்டில் எவ்வளவு ஏறியது? இர்ஷிக் அவர்களை மறந்துவிட்டார் என்று சொல்ல முடியாது, கடைசிப் பகுதியில் வருகிறார்கள். ஆனால் பேச்சில் சம இடம் இல்லாதவனையும் சேர்த்து உரையாடல் என்றால், அதிகாரம் எங்கே ஒளிந்துகொள்கிறது?

'தரிசு' என்ற சொல்லையே எடுத்துக்கொள்ளுங்கள். செங்கல்பட்டில் ஊர்த் தரிசும் சும்மா கிடக்கவில்லை. அதன்மீதும் மிராசுதாரருக்கு முன்னுரிமை இருந்தது. பறையர் விண்ணப்பம் போட்டாலும் நிலம் கிடைப்பது அரிது. இதைத்தான் 1891ல் கலெக்டர் டிரமென்ஹீர் தன் அறிக்கையில் எழுதினார். 1892ல் அரசாணை வந்தது, பஞ்சமி நிலம் பிறந்தது. அந்த நிலங்களில் எத்தனையோ கைமாறிப் போயின. நூறு வருஷம் கழித்து, காரணை கிராமத்துப் பஞ்சமி நிலத்தை மீட்கக் கிளம்பியவர்கள் மீது 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் போலீஸ் சுட்டது. ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் செத்தார்கள். இர்ஷிக்கின் புத்தகம் வந்த அதே வருஷம்! ஒரு பக்கம் 'உரையாடல்' என்று அட்டை, இன்னொரு பக்கம் துப்பாக்கி.

ஆகவே இர்ஷிக்கைப் படிக்க வேண்டும், சண்டை போட்டுக்கொண்டே படிக்க வேண்டும். படிக்காமலே பொட்டல்காடு என்பவர்களுக்குச் சண்டை போடும் தகுதிகூடக் கிடையாது.

பி.காம். முதல் வருஷப் பாடம் ஒன்று உண்டு. மெஷினுக்குத் தேய்மானம் எழுதலாம், கட்டடத்துக்கு எழுதலாம், நிலத்துக்கு மட்டும் எழுத முடியாது. நிலம் தேயாதாம். அதன் கதையை மட்டும் ஏன் வருஷா வருஷம் தேய்த்துப் பூஜ்யமாக்க வேண்டும்?