காக்காவின் கழுத்து கருப்பு இல்லை

கொஞ்சம் நீளமான பதிவு. கொஞ்சம் கோபமாகவும் எழுதுகிறேன். பொறுமை உள்ளவர்கள் படியுங்கள்.

போன வாரம் ஒரு கல்யாண வீட்டில் பந்திக்குக் காத்திருந்தேன். என்னோடு வேலை பார்த்த டீச்சர் ஒருவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "நீங்க கலர் பென்சில்ல வரைஞ்சு ஃபேஸ்புக்ல போடுறதெல்லாம் பாக்குறேன் டீச்சர். நல்லாத்தான் இருக்கு. ஆனா இந்த வயசுல இதனால என்ன பிரயோஜனம்?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் அவருடைய மகன், "ஏன் ஆன்ட்டி சும்மா விடுறீங்க? ஃபிரேம் போட்டு ஆன்லைன்ல வித்துடலாம். ஒரு யூடியூப் சேனல் ஆரம்பிங்க" என்று யோசனை சொன்னார். எதிரில் இருந்த ஒரு அம்மா, "எங்க பாப்பாவும் நல்லா வரைவா. டிராயிங் கிளாஸ் அனுப்பினோம், போட்டியில ப்ரைஸ்கூட வாங்கினா. இப்ப டென்த் வந்துட்டா, அதான் நிறுத்திட்டோம்" என்றார்.

மூவரும் நல்லவர்கள்தான். ஆனால் மூவரும் சொன்னது ஒன்றேதான். ஒரு காரியம் செய்தால் அதில் பிரயோஜனம் இருக்க வேண்டும், இல்லையென்றால் பணம் வர வேண்டும், அதுவும் இல்லையென்றால் பரிசாவது வர வேண்டும். எதுவும் வராவிட்டால் அது வெட்டி வேலை.

இந்த எண்ணத்தைத்தான் இன்று திட்டப் போகிறேன். முதலில் என்னைத் திட்டிக்கொண்டுதான் தொடங்க வேண்டும். 33 வருடம் இதைப் பிள்ளைகள் தலையில் ஏற்றியவர்களில் நானும் ஒருத்தி.

1981-ல் ஆசிரியர் பயிற்சி முடித்தேன். பயிற்சியில் நாங்கள் வரையாத படமா? பூவின் பாகங்கள், தண்ணீர்ச் சுழற்சி, கிராமக் காட்சி என்று சார்ட் சார்ட்டாக வரைந்தோம். எல்லாம் மதிப்பெண்ணுக்கு. வேலைக்கு வந்த பிறகும் வரைந்தேன், அதிகாரி ஆய்வுக்கு வருகிறார் என்றால் மட்டும். எனக்காக ஒரு இலைகூட வரைந்ததில்லை. அப்படி வரையலாம் என்றே தோன்றியதில்லை.

2020 ஊரடங்கில்தான் தோன்றியது. பேரன் விட்டுப்போன 12 கலர் பெட்டி ஒன்று அலமாரியில் கிடந்தது. வெளியே போக முடியாது, டிவியைத் திறந்தால் பயம். சமையல்கட்டில் இருந்த ஒரு கத்திரிக்காயை எடுத்து வைத்து, பழைய டைரியில் வரைந்து பார்த்தேன். படம் உருளைக்கிழங்கு மாதிரி வந்தது. ஆனால் ஒரு மணி நேரம் போனதே தெரியவில்லை. அடுப்பில் வைத்த பால் பொங்கி வழிந்ததும் தெரியவில்லை.

அதற்குப் பிறகு விடவில்லை. கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன், யாருக்காவது உதவும். கத்திரிக்காய்க்கு ஊதா மட்டும் போதாது. அடியில் லேசாக நீலம், அதன்மேல் ஊதா, ஓரத்தில் கொஞ்சம் காப்பிக் கலர். அப்போதுதான் உருண்டையாகத் தெரியும். பளபளப்பு விழும் இடத்தில் பேப்பரை அப்படியே வெள்ளையாக விட்டுவிட வேண்டும். பிறகு வெள்ளைப் பென்சிலால் தேய்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தால் நடக்காது. எடுத்த எடுப்பில் அழுத்தவும் கூடாது. கலர் பென்சிலில் நிறப்பொடியோடு மெழுகும் இருக்கிறது. அழுத்தித் தேய்த்தால் மெழுகு பேப்பரை மூடிக்கொள்ளும், அதன்மேல் வேறு கலர் ஏறாது. லேசாக, திரும்பத் திரும்ப, ஒன்றன்மேல் ஒன்றாகப் போட வேண்டும். அவசரக்காரர்களுக்கு இது சரிப்படாது. நானே அவசரக்காரிதான், இது என்னை உட்கார வைத்துவிட்டது.

கையைவிட அதிகமாக மாறியது கண். வேப்ப மரம் பச்சை என்று இத்தனை வருடம் சொல்லிக்கொடுத்தேன். வரைய உட்கார்ந்தபோதுதான் கொழுந்து செம்பு நிறத்தில் இருப்பதைப் பார்த்தேன். எங்கள் வீட்டு வாசலிலேயே இருக்கிற மரம்.

இப்போது காக்கா கதைக்கு வருகிறேன். இதை எழுதத்தான் இவ்வளவும்.

1992 என்று நினைவு. மூன்றாம் வகுப்பு. பாட்டி வடை சுட்ட கதையை வரையச் சொன்னேன். நாற்பது பிள்ளைகளுக்கு நடுவில் ஒரே ஒரு கலர் பெட்டி. ஒரு பையன் காக்காவுக்கு உடம்பெல்லாம் கருப்பு அடித்து, கழுத்துக்கு மட்டும் எழுதுகிற பென்சிலால் சாம்பல் தேய்த்திருந்தான். "காக்கா என்ன கலர்?" என்றேன். "கருப்பு டீச்சர்." "அப்புறம் இது என்ன?" அவன் பேசவில்லை. கருப்புப் பென்சிலை வாங்கி அந்தக் கழுத்தின்மேல் நானே அழுத்தித் தேய்த்தேன். "இப்பத்தான் காக்கா" என்று வகுப்புக்குத் தூக்கிக் காட்டினேன். பிள்ளைகள் சிரித்தார்கள்.

மூன்று வருடம் முன்பு மொட்டைமாடியில் காக்காவுக்குச் சோறு வைத்துவிட்டு அதை வரைய உட்கார்ந்தேன். கழுத்து சாம்பல் நிறம். நாம் தினமும் சோறு வைக்கிற காக்காவுக்குக் கழுத்து சாம்பல்தான். முழுக்கக் கருப்பாக இருப்பது அண்டங்காக்கா. எட்டு வயதுப் பையன் பார்த்திருக்கிறான். முப்பது வயது டீச்சர் பார்க்கவில்லை. பார்க்காதவள் பார்த்தவனைத் திருத்தினேன்.

அந்தப் பையன் இப்போது பக்கத்து ஊரில் பைக் மெக்கானிக். வண்டி சர்வீஸுக்குப் போனபோது சொன்னேன், "தம்பி, அன்னைக்கு நீ வரைஞ்சதுதான் சரி. டீச்சர்தான் தப்பு" என்று. அவன் சிரித்துவிட்டு, "நான் வரைஞ்சேனா டீச்சர்? எனக்குப் படமே வராதே" என்றான்.

இரண்டு நாள் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அவனுக்கு அந்தக் காக்கா ஞாபகமில்லை. "படம் வராது" என்பது மட்டும் மிச்சமிருக்கிறது.

இதைத் தனி ஆளின் தப்பு என்று முடித்துவிட முடியாது. ஓவியப் பாடவேளை என்றால் நமக்கு என்ன அர்த்தம்? கணக்கில் போர்ஷன் முடியாதவர் வந்து எடுத்துக்கொள்ளும் வேளை. நானும் எடுத்திருக்கிறேன். கலையை எல்லா நிலையிலும் ஒரு பாடமாக வையுங்கள் என்று 2005-ஆம் வருட தேசியக் கலைத்திட்டமே சொன்னது. நம் மாநிலத்தில் 2012-ல் ஓவியத்துக்கும் உடற்கல்விக்கும் தொழிற்கல்விக்கும் பகுதிநேர ஆசிரியர்களை எடுத்தார்கள். வாரத்துக்கு மூன்று அரை நாள், மாதம் 5,000 ரூபாய். வரைவதற்கு நாம் போட்ட மதிப்பு அவ்வளவுதான். அரசு விலையில்லாமல் கலர் பென்சில் தந்த பிறகும், "தீர்ந்துவிடும்" என்று பீரோவில் பூட்டி வைத்த பள்ளிகள் உண்டு. சாவி யாரிடம் இருந்தது என்று கேட்காதீர்கள்.

இனி அந்த மூவருக்கும் பதில்.

பிரயோஜனம் கேட்ட டீச்சருக்கு: நீங்கள் விடியற்காலையில் வாசலில் கோலம் போடுகிறீர்கள். பத்து மணிக்குள் வண்டி ஏறி அழிந்துவிடுகிறது. என்ன பிரயோஜனம் என்று யாராவது உங்களைக் கேட்டார்களா? மனதுக்குப் பிடித்திருக்கிறது, போடுகிறீர்கள். எனக்கும் அவ்வளவுதான்.

விற்கச் சொன்ன தம்பிக்கு: நல்லெண்ணத்தில் சொன்னீர்கள். ஆனால் விற்க ஆரம்பித்தால் வாங்குகிறவருக்குப் பிடித்ததைத்தான் வரைய வேண்டும். கத்திரிக்காயை யார் வாங்குவார்கள்? நாளைக்கே பிள்ளையார், மயில், சூரிய அஸ்தமனம் என்று ஆர்டர் வரும், தேதி வரும், "இன்னும் முடியலையா" என்று போன் வரும். முதுமையில் எனக்குக் கிடைத்த ஒரே ஒரு அதிகாரியில்லாத வேலை இது. இதற்கும் ஒரு அதிகாரியைக் கொண்டுவராதீர்கள். வரைந்து பிழைக்கிறவர்களைக் குறை சொல்லவில்லை. அது தொழில், அவர்களுக்கு நல்ல கூலி கிடைக்க வேண்டும். எனக்கு இது தொழில் இல்லை.

பாப்பாவின் அம்மாவுக்கு: உங்களிடம்தான் கெஞ்சிக் கேட்கிறேன். பத்தாம் வகுப்பு முக்கியம். நான் இல்லையென்று சொல்லவில்லை. டிராயிங் கிளாஸை நிறுத்தியதுகூட சரியாக இருக்கலாம். பென்சில் பெட்டியை எடுத்து உள்ளே வைத்துவிடாதீர்கள். படித்து அலுத்த பிறகு அரை மணி நேரம் அவள் எதையோ கிறுக்கட்டும். போட்டிக்கு அனுப்ப வேண்டாம். நீங்கள் பார்த்து "இன்னும் நல்லா அடிச்சிருக்கலாம்" என்று சொல்லவும் வேண்டாம். நாம் செல்போனில் அந்த அரை மணி நேரத்தை எப்படித் தொலைக்கிறோம் என்பதற்கு யாரும் கணக்குக் கேட்பதில்லையே.

"எனக்கு வராது டீச்சர்" என்று சொல்லும் பெரியவர்களுக்கும் ஒரு வார்த்தை. வராது என்று யார் சொன்னது? யோசித்துப் பாருங்கள். பெரும்பாலும் என்னைப் போல ஒரு டீச்சராகத்தான் இருப்பார். சமையல் செய்துகொண்டே பாடுகிறோம், சுருதி பார்த்தா பாடுகிறோம்? 12 கலர் பெட்டி நூறு ரூபாய்க்குள் கிடைக்கிறது. ஒரு நோட்டு, ஒரு ஷார்ப்னர். பென்சிலைக் கீழே மட்டும் போடாதீர்கள், உள்ளே முனை உடைந்து சீவச் சீவ விழும். எதிரில் ஒரு தக்காளியை வையுங்கள். அசிங்கமாகத்தான் வரும், எனக்கு ஆறு மாதம் அப்படித்தான் வந்தது. யாருக்கும் காட்டாதீர்கள்.

பணியில் இருக்கும் ஆசிரியத் தம்பி தங்கைகளே, இந்த வாரம் ஓவியப் பாடவேளையை யாரும் கேட்டால் கொடுக்காதீர்கள். பீரோவைத் திறங்கள். ஒரு பிள்ளை காக்காவுக்குச் சாம்பல் கழுத்து வரைந்தால், தயவுசெய்து வெளியே போய் ஒரு தடவை காக்காவைப் பார்த்துவிட்டு வந்து பேசுங்கள்.

இந்தப் பதிவோடு போட்டிருப்பது நேற்று வரைந்த காக்கா. கால் கோணலாக வந்துவிட்டது. விற்பனைக்கு இல்லை. அதை அந்த மெக்கானிக் தம்பிக்குக் கொடுக்கப் போகிறேன், கூடவே ஒரு 12 கலர் பெட்டியும். அவன் சிரிப்பான். சிரிக்கட்டும்.