அதான் யூடியூபில் இருக்கே!

பழைய படங்களைப் பாதுகாக்க வேண்டும் என்று பேச்செடுத்தால் போதும், "அதான் எல்லாம் யூடியூபில் இருக்கே" என்று வாயை அடைத்துவிடுகிறார்கள். டிஜிட்டலுக்கு மாறிவிட்ட எதற்கும் இனி அழிவில்லையாம். சினிமாக்காரர்களே இதை நம்புவதுதான் கொடுமை.

யூடியூபில் அப்படி என்னதான் இருக்கிறது? ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தைத் திறந்து பாருங்கள். மூலையில் ஏதோ ஒரு சேனலின் லோகோ. அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டியதில் கதாநாயகனுக்குப் பாதித் தலை இல்லை. இரண்டு பாட்டைக் காணோம். டிவிக்காகக் கத்தரித்ததைப் பிரதியெடுத்து ஏற்றியிருக்கிறார்கள். நெகட்டிவ் எங்கே என்று கேட்டால் பெரும்பாலும் பதில் வராது.

ஓடிடியில் பத்திரமாக இருக்கும் என்பார்கள். 'அன்னபூரணி' 2023 டிசம்பர் கடைசியில் நெட்ஃபிளிக்ஸுக்கு வந்தது. எதிர்ப்பு கிளம்பியதும் 2024 ஜனவரியில் தூக்கிவிட்டார்கள். படம் நல்லதா கெட்டதா என்பது வேறு வழக்கு. சந்தா கட்டியவன் கையில் ஒன்றும் மிஞ்சவில்லை என்பதே இங்கே விஷயம். விற்ற டிவிடியை வீடு வீடாகப் போய்ப் பிடுங்கியிருக்க முடியுமா?

தியேட்டரிலும் இதே கதைதான். படப்பெட்டி போய், பூட்டிய கோப்பு வருகிறது. எந்தத் திரையில், எந்தத் தேதி வரை என்று குறித்த மின்சாவி தனியாக வர வேண்டும். கெடு முடிந்துவிட்டால் ஆபரேட்டர் தலைகீழாக நின்றாலும் படம் ஓடாது. பிலிம் சுருளையோ வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாலே உருவம் தெரியும்.

பிலிமும்தானே அழிந்தது என்று கேட்கலாம். உண்மைதான். முதல் தமிழ் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) படத்துக்கு ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. ஆனால் குளிர் அறையில் ஒழுங்காக வைத்தால் பிலிம் நூறாண்டு தாங்கும். ஹார்ட் டிஸ்க் அலமாரியில் சும்மா கிடந்தே செத்துப்போகும். 1998இல் பிக்சார் நிறுவனத்தில் தவறாகக் கொடுத்த ஒரே கட்டளையில் 'டாய் ஸ்டோரி 2' படத்தின் பெரும்பகுதி அழிந்தது. பேக்கப்பும் கைகொடுக்கவில்லை. ஊழியர் ஒருவர் வீட்டுக் கணினியில் வைத்திருந்த பிரதிதான் மானத்தைக் காப்பாற்றியது. பிக்சாருக்கே அந்தக் கதி என்றால், முதல் படத்தோடு கடையைக் கட்டும் நம்மூர்த் தயாரிப்பாளரின் ஹார்ட் டிஸ்க் எந்த மூலைக்கு?

டிஜிட்டலில் செலவாவது மிச்சமா? ஆஸ்கர் வழங்கும் அகாடமி 2007இல் கணக்குப் போட்டது: ஒரு படத்தின் பிலிம் மூலப் பிரதியைக் காக்க ஆண்டுக்கு 1,059 டாலர், டிஜிட்டல் மூலப் பிரதிக்கு 12,514 டாலர். சில ஆண்டுகளுக்கு ஒருமுறை புதிய சாதனத்துக்கு மாற்றிக்கொண்டே இருக்க வேண்டுமே!

குக்கிராமத்துப் பையனும் உலக சினிமா பார்க்க டிஜிட்டல் வழிசெய்தது. அதை யாரும் மறுக்கவில்லை. ஆனால் பார்க்கக் கிடைப்பது வேறு, காப்பது வேறு. தணிக்கை பெறும் ஒவ்வொரு படத்திலும் பூட்டில்லாத பிரதி ஒன்று புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போய்ச் சேர வேண்டும். அதற்கான செலவைப் படத்தின் பட்ஜெட்டிலேயே எழுத வேண்டும். முதல் நாள் கட்அவுட்டுக்குப் பணம் இருக்கிறது என்றால் இதற்கும் இருக்கிறது.