மரக்காணத்து மழைக்காலச் சூப்

சூப் என்ற சொல்லைக் கேட்டதும் நம் நேயர்களில் சிலர் முகஞ் சுளிப்பார்கள் என்பதை நாம் அறிவோம். வெள்ளைத் துணி விரித்த ஹோட்டல் மேஜையில், சோள மாவைக் கரைத்து, பெயருக்கு நாலு பட்டாணியை மிதக்கவிட்டு, பீங்கான் கிண்ணத்தில் கொண்டுவந்து வைக்கும் வெந்நீர்தான் சூப் என்பது அவர்கள் எண்ணம். அந்த வெந்நீரைப் பற்றி நமக்கும் வேறு அபிப்பிராயம் கிடையாது. ஆனால் சூப் என்பது துரைமார் சொத்து என்பதை மட்டும் நாம் ஒப்புக்கொள்வதற்கில்லை. சென்னையில் குடியேறிய ஆங்கிலேயர் நம் மிளகுத் தண்ணீரைச் சுவைத்துப் பார்த்து, அதில் மாமிசத்தையும் வேறு பலவற்றையும் சேர்த்து, பெயரையும் "முல்லிகடானி" என்று திரித்துச் சீமைக்குக் கொண்டுபோனார்கள். பதினெட்டாம் நூற்றாண்டு முடிவதற்குள்ளேயே அந்தப் பெயர் ஆங்கில எழுத்தில் ஏறிவிட்டது. நாம் கொடுத்த பொருளை நாமே திரும்பப் பெற்றுக்கொள்வதில் என்ன வெட்கம்?

இந்த வாரம் நாம் சொல்ல வந்தது வயிறு நிறையும் காய்கறிச் சூப். அதற்காக நேயர்களை மரக்காணத்து உப்பளக் கரைக்கு அழைத்துச் செல்லவேண்டியிருக்கிறது. காரணம் இல்லாமல் இல்லை. வீட்டில் செய்யும் சூப் கெடுவது பெரும்பாலும் உப்பினால்தான். உப்பின் குணத்தை அறிய, அது விளையும் பாத்தியைவிட நல்ல பள்ளிக்கூடம் கிடையாது.

சென்னையிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் புதுச்சேரியை நோக்கிச் செல்பவர்கள், மரக்காணம் வந்ததும் சாலையோரத்தில் கண்ணாடித் துண்டுகளைப் பரப்பினாற்போல் பாத்திகள் பளபளப்பதைப் பார்த்திருப்பார்கள். கடல்நீரில் நூற்றுக்கு மூன்றரைப் பங்கு உப்பு வகைகள் கரைந்திருக்கின்றன. அதாவது ஒரு லிட்டருக்கு 35 கிராம். உவர்நீரைப் பாத்திக்குப் பாத்தி மாற்றி வெயிலில் வற்றவிட்டால், முதலில் சுண்ணாம்பு வகைகள் அடியில் படியும். அப்புறந்தான் நாம் உண்ணும் உப்பு படிகமாய் இறங்கும். இங்கேதான் சூட்சுமம் இருக்கிறது. நீர் முழுவதும் வற்றட்டும் என்று அளத்துக்காரர் காத்திருப்பதில்லை. கடைசியில் எஞ்சும் நீரில் மக்னீசிய உப்புகள் மிகுந்து கசப்பாய் இருக்கும். அது வற்றுமுன் உப்பை வாரிக் கரையில் சேர்த்துவிட்டு, மிச்ச நீரை வெளியேற்றிவிடுவார்கள். பேராசை கொண்டு கடைசிச் சொட்டுவரை வற்றவிட்டவனுக்குக் கசப்புத்தான் கூலி.

அடுப்பின் மேலுள்ள பாத்திரமும் ஒரு சிறு உப்பளமே. கொதிக்கக் கொதிக்க நீர் போகும், உப்பு போகாது. ஆறு தம்ளர் ஜலத்துக்கு அளந்து போட்ட உப்பு, அது நாலு தம்ளராய் வற்றும்போது கரிக்கும். ஆகவே சூப்புக்கு உப்பு இறக்கும் தறுவாயிலேதான். இதில் மற்றொரு லாபமும் உண்டு. நேரே உணவுக்காக விற்கப்படும் உப்பில் அயோடின் சேர்ந்திருக்கவேண்டும் என்பது 2006-ஆம் ஆண்டு முதல் நாடெங்கும் விதி. நெடுநேரம் கொதித்தால் அதில் ஒரு பங்கு வீணாய்ப் போய்விடும்.

உப்பில்லாப் பண்டம் குப்பையிலே என்பார்கள். இந்தப் பழமொழியைக் கேட்கும்போதெல்லாம் சிறுபாணாற்றுப்படையில் வரும் ஓர் அடுக்களை நமக்கு நினைவுக்கு வருகிறது. பாடியவர் இடைக்கழிநாட்டு நல்லூர் நத்தத்தனார். இடைக்கழிநாடு மரக்காணத்துக்குச் சற்று வடக்கே இருக்கிறது. அந்நூலில் வரும் எயிற்பட்டினமே இன்றைய மரக்காணம் என்பது அறிஞர் பலருடைய கருத்து. பாணன் வீட்டுப் பெண், பசியால் மெலிந்தவள், குப்பையில் முளைத்த வேளைக் கீரையை நகத்தால் கிள்ளி வந்து வேகவைக்கிறாள், போடுவதற்கு உப்பில்லை. அக்கம் பக்கத்தார் பார்த்துவிடுவார்களே என்று நாணி, கதவை அடைத்துக்கொண்டு சுற்றத்தோடு அதை உண்கிறாள். உப்பு விளையும் கரைக்கு அருகில் பிறந்த புலவர், வறுமைக்கு அடையாளமாக உப்பில்லாக் கீரையைத் தேர்ந்தெடுத்தார் என்பதை எண்ணும்போது நமக்கு மெய் சிலிர்க்கிறது.

அந்த ஏழையின் உப்புக்கும் வரி போட்ட அரசாங்கம் ஒன்று பிற்காலத்தில் நம்மை ஆண்டது. 1930 ஏப்ரல் 6-ஆம் தேதி தண்டியில் காந்தி மகானும், அம்மாதம் 30-ஆம் தேதி வேதாரண்யத்தில் ராஜாஜியும் உப்பெடுத்த வரலாறு நேயர்களுக்குத் தெரிந்ததே. 1947-இல் அந்த வரி ஒழிந்தது.

ஆனால் மரக்காணத்தில் இன்று வேறொரு கணக்கு இருக்கிறது. பாணன் வீட்டில் கீரை இருந்தது, உப்பு இல்லை. அளத்துத் தொழிலாளி வீட்டில் உப்பு இருக்கிறது. அதோடு சேர வேண்டிய மற்றவற்றுக்குத்தான் பஞ்சம். தை பிறந்தபின் பாத்திகளைத் திருத்தி, சித்திரை வைகாசி வெயிலில் வெறுங்காலோடு நின்று, கண் கூசும் வெண்மையின் நடுவே உப்பை வாருகிறார்கள். ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டால் அளங்கள் குளங்களாகிவிடும், கூலியும் நின்றுபோகும். 2024-ஆம் ஆண்டு நவம்பர் 30-ஆம் தேதி ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரையைக் கடந்தபோது இந்தப் பாத்திகள் வெள்ளத்தில் மூழ்கின. மழை மாதங்களுக்கென்று உப்பளத் தொழிலாளர் குடும்பத்துக்கு 5000 ரூபாய் உதவித்தொகை கொடுக்கும் ஏற்பாட்டைத் தமிழ்நாட்டு அரசு 2022-இல் தொடங்கிற்று. நல்ல காரியம். எனினும் மூன்று மாதத்துக்கு அதைப் பங்கிட்டால், நாளொன்றுக்கு ஏறக்குறைய 54 ரூபாய் விழுகிறது. சீமைக் காய்கறிகளையும் வெண்ணெயையும் சேர்க்கச் சொல்லும் சூப் முறைகளை இக்கணக்குக்கு முன்னால் வைத்துப் பார்த்தால் நமக்கே கூச்சமாயிருக்கிறது. ஆகையால் இங்கே நாம் சொல்வது, அந்த 54 ரூபாய்க்குள் அடங்கவேண்டும் என்று எண்ணிச் சேர்த்த முறை. வசதியுள்ள சகோதரிகள் காய்களைக் கூட்டிக்கொள்வதை யார் தடுக்கப்போகிறார்கள்?

சூப்புக்கு உடம்பு வேண்டும். அதைத் தருவது சோள மாவு அல்ல, பருப்பும் வடிகஞ்சியுந்தான். நாலு பேருக்கு அரை ஆழாக்குப் பாசிப்பருப்பு போதும். வெறும் வாணலியில் மணம் வரும்வரை வறுத்து, மூன்று தம்ளர் ஜலத்தில் வேகவிடவேண்டும். கடற்கரையோரத்துப் பெண்மணிகள் இங்கே ஒன்றைக் கவனிக்கவேண்டும். சுண்ணாம்பும் மக்னீசியமும் கலந்த கடின நீரில் பருப்பு எத்தனை நேரம் கொதித்தாலும் கரையாது, விறகுக்குத்தான் நஷ்டம். பிடித்து வைத்த மழைத்தண்ணீரில் போட்டால் வெண்ணெயாய்க் கரையும். மழைக்காலம் அளத்துக்குப் பகையானாலும் பருப்புக்கு உறவு.

பருப்பு பாதி வெந்ததும் ஒரு கீற்றுப் பரங்கிக்காயையும், ஒரு முள்ளங்கியையும், கைப்பிடி அவரைக்காயையும் நறுக்கிப் போடலாம். பரங்கி வெட்டாமல் வைத்தால் மாதக் கணக்கில் கெடாது. மழைக்கு முன்பே ஒன்றை வாங்கி வைப்பது புத்திசாலித்தனம். இதற்கிடையில் பத்துச் சின்ன வெங்காயத்தையும் நாலு பல் பூண்டையும் ஒரு கரண்டி நல்லெண்ணெயில் வதக்கவேண்டும். இப்போது மட்டும் ஒரு சிட்டிகை உப்புக்கு அனுமதி உண்டு. அது வெங்காயத்திலுள்ள நீரை வெளியே இழுத்து விரைவில் குழையச் செய்யும். தக்காளியை அவசரப்பட்டுச் சேர்க்கக்கூடாது. புளிப்பு பட்டால் பருப்பும் காயும் வேக மறுக்கும். எல்லாம் குழைந்த பிறகு இரண்டு தக்காளியை நசுக்கிவிட்டு, வதக்கிய வெங்காயத்தையும், இரண்டு தம்ளர் வடிகஞ்சியையும் சேர்த்துக் கொதிக்கவிடவேண்டும்.

இக்காலத்தில் பல வீடுகளில் குக்கர் வந்துவிட்டபடியால் வடிகஞ்சி என்ற வஸ்துவையே குழந்தைகள் அறியமாட்டார்கள். அவ்வீடுகளில் இரண்டு கரண்டி கேழ்வரகு மாவைக் குளிர்ந்த ஜலத்தில் கரைத்து ஊற்றலாம். வெந்நீரில் கரைத்தால் கட்டி தட்டிப்போகும்.

கரகரப்பாய்ப் பொடித்த மிளகு, சீரகம் ஒரு கரண்டி. வேலியோரத்து முருங்கையில் இரண்டு கைப்பிடி கீரையை உருவி, கடைசியில் போட்டு, மூடாமல் மூன்று நிமிஷம் வைத்தால் போதும். கோடையாயிருந்தால் முருங்கைக்காயையே வேகவைத்துச் சதையை வழித்துச் சேர்க்கலாம். உப்பளக் கரைகளில் உமரி என்றொரு பூண்டு முளைக்கும். அதன் சாதிச் செடியை இங்கிலாந்தில் விலை கொடுத்து வாங்கிச் சாப்பிடுகிறார்கள். நன்றாய் அடையாளம் தெரிந்தவர்கள் அதை வேகவைத்து, நீரை வடித்துவிட்டுச் சேர்ப்பதானால், பிறகு தனியாக உப்பிடுவதற்குமுன் ருசி பார்க்கவேண்டும்.

இனி உப்பு. இறக்கும்போது ஏறக்குறைய ஒரு லிட்டர் சூப் இருக்கும். அதற்கு ஒரு தேக்கரண்டி தூளுப்பு, அதாவது சுமார் 6 கிராம், தாராளம். தலைக்கு ஒன்றரைக் கிராம் ஆகிறது. நாள் முழுவதற்கும் 5 கிராமுக்குள் இருக்கவேண்டும் என்கிறது உலக சுகாதார ஸ்தாபனம். ஊறுகாய்ப் பிரியர்கள் கணக்குப் பார்த்துக்கொள்ளட்டும். கல்லுப்பானால் கொஞ்சம் வெந்நீரில் கரைத்து, மண் படிந்தபின் தெளிவை ஊற்றவேண்டும். கல்லுக்கிடையே சந்து இருப்பதால் ஒரு கரண்டிக் கல்லுப்பு தூளுப்பைவிட எடை குறைவு. மழைக்காலத்தில் கல்லுப்பு ஜாடி கசிந்து நிற்பதற்கும் காரணம் முன்சொன்ன மக்னீசியமே. அது காற்றிலுள்ள ஈரத்தை இழுக்கும்.

கை தவறி உப்பு மிகுந்துவிட்டால் உருளைக்கிழங்கைப் போடு, உறிஞ்சிவிடும் என்று சொல்வார்கள். கிழங்கு தன்னளவு உப்பு நீரைக் குடிக்குமே தவிர, மிச்ச நீரின் கரிப்பைக் குறைக்காது. உப்பிடாத கஞ்சி ஒரு தம்ளர் ஊற்றுவதே வழி. அதற்காகவே வடிகஞ்சியில் கொஞ்சம் தனியே எடுத்து வைப்பது நல்லது. மறுநாள் காலையில் சூப் இறுகியிருந்தாலும் அதே கஞ்சியைவிட்டு இளக்கி, கேழ்வரகுக் களியோடு சாப்பிடலாம்.